தாய்க்குச் செய்தி சொல்லப் போன சினிமா

(சித்தூரில் நடந்த நமது சங்கத்தின் மாதக் கூட்டத்தில் ஆற்றிய உரை)



இன்று என்னைச் சினிமாவைப் பற்றிப் பேசச் சொல்லியிருக்கிறார்கள். நமது கூட்டங்களில் கூலி பாக்கியைப் பற்றிப் பேசுவோம். மேஸ்திரி பிடித்துக்கொள்ளும் பணத்தைப் பற்றிப் பேசுவோம். பிள்ளைகளின் பள்ளிச் சேர்க்கையைப் பற்றிப் பேசுவோம். சினிமாவுக்கு இங்கே என்ன வேலை என்று உங்களில் சிலர் நினைக்கலாம். நினைப்பதில் தவறில்லை. ஆனால் நான் பேசப்போவது வெள்ளிக்கிழமை வந்து அடுத்த வெள்ளிக்கிழமை போய்விடும் சினிமாவைப் பற்றி அல்ல. மக்களிடம் துண்டேந்திக் காசு வாங்கி, அந்தக் காசில் படம் எடுத்து, அதே மக்களிடம் கொண்டுபோய்க் காட்டிய ஒரு மனிதரைப் பற்றிப் பேசப்போகிறேன். அவர் பெயர் ஜான் ஆபிரகாம். இந்தி நடிகர் ஒருவருக்கும் இதே பெயர் உண்டு. அவர் வேறு, இவர் வேறு. இவர் கேரளத்துக்காரர். 1937-இல் பிறந்து 1987-இல் மறைந்தவர். முழுநீளப் படங்களாக எடுத்தவை நான்கே நான்கு. அவற்றில் ஒன்று தமிழ்ப்படம்.

உத்தியோகத்தை விட்டு வந்தவர்

ஜான் ஆபிரகாம் குட்டநாட்டுப் பக்கத்தவர். நெல்வயலும் காயலும் நிறைந்த பூமி அது. படித்து முடித்து ஆயுள் காப்பீட்டுக் கழகத்தில் வேலைக்குச் சேர்ந்தார். கன்னட நாட்டுப் பெல்லாரியில் அவருக்கு உத்தியோகம். அவரும் பிழைப்புக்காகத் தாய்மொழி பேசாத ஊருக்குப் போனவர்தான் என்பதை இங்கே குறித்துக்கொள்ளுங்கள். மாதச் சம்பளம் உள்ள அந்த வேலையை உதறிவிட்டுப் புனே திரைப்படக் கல்லூரியில் போய்ச் சேர்ந்தார்.

அங்கே அவருக்கு வாய்த்த ஆசான் ரித்விக் கட்டக். வங்காளத்தின் பெரிய இயக்குநர். 1947-இல் வங்காளம் இரண்டாக வெட்டப்பட்டபோது கிழக்கு வங்காளத்துப் பூர்வீகத்தை இழந்தவர். ஊரையும் வீட்டையும் இழந்து கல்கத்தாவின் ஓரங்களில் குடிசை போட்ட அகதிகளின் கதையை 1960-இல் 'மேக டாக்கா தாரா' என்ற படத்தில் சொன்னார். அதன் பிறகும் சொல்லிக்கொண்டே இருந்தார். பொதுவுடைமைக் கட்சியின் கலை இயக்கத்தில் வளர்ந்தவர்; பின்னர் கட்சியாலேயே வெளியேற்றப்பட்டவர். மண்ணையும் இழந்தார், கட்சியையும் இழந்தார். நம்பிக்கையை மட்டும் விடவில்லை. அவரிடம் படித்த மாணவருக்கு எந்தக் கேள்விகள் மனதில் விழுந்திருக்கும் என்று நீங்களே ஊகிக்கலாம். நான் யார்? என்னை இந்த நிலைக்குக் கொண்டுவந்தது எது? எந்த இயக்கத்தை நம்பினேனோ அது சிதறிய பிறகு நான் எதைப் பற்றிக்கொண்டு வாழ்வது? இந்தக் கேள்விகளைத்தான் ஜான் தன் படங்களில் கேட்டார்.

அக்கிரகாரத்துக்கு வந்த கழுதை

1977-இல் அவர் சென்னையில் எடுத்த தமிழ்ப்படம் 'அக்ரகாரத்தில் கழுதை'. திரைக்கதை எழுதியவர் விமரிசகர் வெங்கட் சாமிநாதன். இசையமைப்பாளர் எம்.பி. சீனிவாசன் அதில் பேராசிரியராக நடித்தார். கறுப்பு வெள்ளைப் படம். நட்சத்திரம் இல்லை, டூயட் இல்லை, சண்டை இல்லை.

கதை இதுதான். தாயை இழந்த ஒரு கழுதைக்குட்டியின் மீது இரக்கப்பட்டு ஒரு பிராமணப் பேராசிரியர் அதை வளர்க்கிறார். கல்லூரியில் கேலி செய்கிறார்கள். தன் சொந்த ஊர் அக்கிரகாரத்துக்கு அதைக் கொண்டுபோகிறார். வாய் பேசாத ஓர் ஏழைப் பெண் அதைப் பார்த்துக்கொள்கிறாள். ஊரில் எது நடந்தாலும் பழி கழுதையின் தலையில் விழுகிறது. கடைசியில் அடித்தே கொன்றுவிடுகிறார்கள். கொன்ற பிறகு ஊரில் சில நல்லது நடக்கிறது. உடனே, கொன்ற கைகளே அந்தக் கழுதையைக் கும்பிட ஆரம்பிக்கின்றன.

கழுதை செய்த குற்றம் என்ன? தனக்கு இடமில்லாத தெருவுக்குள் வந்ததுதான். ஊரில் திருட்டுப் போனால் முதலில் யார் குடிசையில் தேடுகிறார்கள்? வெளியூரிலிருந்து வந்தவனுடைய குடிசையில்தான். இதை நான் உங்களுக்கு விளக்க வேண்டியதில்லை.

அந்தப் படத்துக்குச் சிறந்த தமிழ்ப்படம் என்ற தேசிய விருது கிடைத்தது. ஆனாலும் தமிழ்நாட்டின் தியேட்டர்களில் அதற்கு இடம் கிடைக்கவில்லை. தொலைக்காட்சியில் காட்டுவதாக அறிவித்துவிட்டு, எதிர்ப்பு வந்ததும் நிறுத்திக்கொண்டார்கள். விருது கொடுத்த அரசின் தொலைக்காட்சிக்கே அதைக் காட்டத் துணிவு வரவில்லை. படம் எடுப்பதோடு வேலை முடியவில்லை, அது யார் கையில் இருக்கிறது, யார் காட்டுகிறார்கள் என்பதும் முக்கியம் என்பதை இந்த அனுபவம் நமக்குக் காட்டுகிறது.

அடுத்து 1979-இல் 'செறியாச்சன்டெ குரூர கிருத்யங்கள்' என்ற மலையாளப் படம். குட்டநாட்டு நிலக்கிழார் ஒருவரின் கதை. உழவர்கள் உரிமை கேட்கிறார்கள், போலீஸ் பாய்கிறது, அடி விழுகிறது. அந்த மனிதர் நேரில் யாரையும் அடிக்கவில்லை. ஆனால் அத்தனைக்கும் பங்காளி என்ற குற்ற உணர்வு அவரைப் பைத்தியமாக்குகிறது. அடித்தவனை மட்டும் பார்க்காதே, வாய்மூடிப் பார்த்துக்கொண்டிருந்தவனையும் பார் என்றது அந்தப் படம்.

கனவு கலைந்த காலம்

அவருடைய கடைசிப் படத்துக்கு வருவதற்கு முன் அந்தக் காலத்தைப் பற்றிச் சற்றுச் சொல்ல வேண்டும்.

1957-இல் கேரளத்தில் தேர்தல் மூலம் பொதுவுடைமைக் கட்சி ஆட்சிக்கு வந்தது. ஏழைகள் தங்கள் காலம் வந்துவிட்டது என்று நம்பினார்கள். 1959-இல் அந்த ஆட்சியைக் கலைத்தார்கள். 1964-இல் கட்சியே இரண்டாயிற்று. 1967-இல் வங்காளத்தின் நக்சல்பாரியில் எழுந்த நெருப்பு கேரளத்து இளைஞர்களையும் பற்றியது. படித்த பிள்ளைகள் வயநாட்டுக் காடுகளுக்குப் போனார்கள். 1970 பிப்ரவரி 18 அன்று வயநாட்டின் திருநெல்லிக் காட்டில் வர்கீஸ் என்ற இளைஞர் சுட்டுக் கொல்லப்பட்டார். மோதலில் செத்தான் என்றது போலீஸ். இருபத்தெட்டு ஆண்டுகள் கழித்து 1998-இல், மேலதிகாரி உத்தரவின்பேரில் பிடிபட்ட நிலையில் இருந்தவரை நானே சுட்டேன் என்று ஒரு போலீஸ்காரர் ஒப்புக்கொண்டார். 2010-இல் ஓய்வுபெற்ற ஐ.ஜி. ஒருவருக்கு ஆயுள் தண்டனை விதிக்கப்பட்டது. உண்மை வெளிவர நாற்பது ஆண்டு ஆயிற்று.

1975-இல் நெருக்கடி நிலை வந்தது. 1976 மார்ச்சில் கோழிக்கோட்டுப் பொறியியல் கல்லூரி மாணவர் ராஜனைப் போலீஸ் பிடித்துச் சென்றது. கக்கயம் முகாமில் சித்திரவதையில் அவர் உயிர் போயிற்று. உடல்கூடப் பெற்றோருக்குக் கிடைக்கவில்லை. தந்தை ஈச்சர வாரியர் நீதிமன்றம் ஏறினார். அந்த வழக்கின் விளைவாக 1977-இல் கேரள முதலமைச்சர் கருணாகரனே பதவி விலக நேர்ந்தது. ஆனாலும் பிள்ளை திரும்பவில்லை.

1980-களுக்கு வரும்போது ஓர் இளம் தலைமுறை உடைந்து போயிருந்தது. சிலர் சிறையிலிருந்து வந்து பேச்சிழந்து கிடந்தார்கள். சிலர் வளைகுடாவுக்கு விமானம் ஏறினார்கள். சிலர் குடியில் விழுந்தார்கள். சிலர் தற்கொலை செய்துகொண்டார்கள். புரட்சி நாளை வரும் என்று நம்பியவன், அது வராத மறுநாள் காலையில் எப்படிக் கண்விழிப்பான்? இதைப் பற்றிப் பேசக் கட்சிகளுக்கு நேரமில்லை. ஜான் அதைப் பேச முன்வந்தார்.

துண்டேந்தி எடுத்த படம்

1984-இல் கோழிக்கோட்டில் ஜானும் நண்பர்களும் 'ஒடேசா' என்ற மக்கள் அமைப்பைத் தொடங்கினார்கள். ரஷ்யாவின் ஐசன்ஸ்டைன் 1925-இல் எடுத்த 'போர்க்கப்பல் பொட்டெம்கின்' படத்தில் மக்கள் சுடப்படும் படிக்கட்டு இருக்கும் ஊர் ஒடேசா. அந்தப் பெயரைத்தான் வைத்தார்கள்.

அவர்கள் எந்தத் தயாரிப்பாளரிடமும் போகவில்லை. செண்டையைக் கொட்டிக்கொண்டு ஊர் ஊராகப் போனார்கள். தெருமுனையில் நாடகம் போட்டார்கள். சிறிய புரொஜெக்டரைத் தூக்கிப்போய், சாப்ளினின் 'தி கிட்' போன்ற படங்களை வெட்டவெளியில் திரைகட்டிக் காட்டினார்கள். படம் முடிந்ததும் துண்டை ஏந்தினார்கள். கூலிக்காரர்களும் மாணவர்களும் மீனவர்களும் கையிலிருந்த சில்லறையைப் போட்டார்கள். அந்தச் சில்லறையில் உருவான படம்தான் 1986-இல் வந்த 'அம்ம அறியான்'. அம்மாவுக்குத் தெரிவிப்பது, அம்மாவின் கவனத்துக்கு என்று பொருள்.

கதையைக் கேளுங்கள். புருஷன் என்ற இளைஞன் வயநாட்டிலிருந்து டில்லிக்குப் புறப்படுகிறான். போகிற இடத்திலிருந்து கடிதம் எழுதுவேன் என்று அம்மாவிடம் சொல்லிவிட்டுக் கிளம்புகிறான். வழியில் போலீசார் வண்டியை மறித்து, தூக்கில் தொங்கிய ஓர் இளைஞனின் பிணத்தை ஏற்றச் சொல்கிறார்கள். அந்த முகம் எங்கோ பார்த்த முகம். யார் என்று நினைவுக்கு வரவில்லை. டில்லிப் பயணத்தை விட்டுவிட்டு, அவன் யார் என்று தேடுகிறான். நண்பர்களைக் கூட்டிப்போய்க் காட்டுகிறான். ஹரி என்று தெரிகிறது. தபலா வாசிப்பவன். இயக்கத்தில் இருந்தவன். அவன் தாய் கொச்சியில் இருக்கிறாள்.

செய்தியை யார் சொல்வது? போலீஸ் ஒரு தாளில் எழுதி அனுப்பினால் போதுமா? போதாது என்று புருஷன் முடிவு செய்கிறான். ஹரியை அறிந்தவர்கள் நேரில் போய்த்தான் சொல்ல வேண்டும். கோழிக்கோடு, பேப்பூர், திருச்சூர், கொடுங்கல்லூர், வைப்பின் என்று ஊர் ஊராக இறங்கி, ஹரியைத் தெரிந்த ஒவ்வொருவரையும் சேர்த்துக்கொண்டு போகிறார்கள். இருவர் நால்வராகி, நால்வர் பத்தாகி, கடைசியில் ஒரு கூட்டமே நடக்கிறது. புறப்படும் ஒவ்வொருவனும் தன் தாயிடம் சொல்லிக்கொண்டுதான் புறப்படுகிறான்.

போகும் வழியெல்லாம் அந்த மண்ணில் நடந்த போராட்டங்கள் படத்துக்குள் வருகின்றன. கல்குவாரித் தொழிலாளிகள் வருகிறார்கள். பணம் கட்டினால் டாக்டர் படிப்பு என்பதை எதிர்த்த மருத்துவ மாணவர்கள் வருகிறார்கள். 1982-இல் விஷச் சாராயம் குடித்து எழுபதுக்கும் மேற்பட்டோர் மாண்ட வைப்பின் தீவு வருகிறது. எது நடந்தது, எது நடிப்பு என்று பிரிக்க முடியாதபடி இரண்டையும் பின்னியிருக்கிறார். சோதனை முயற்சிப் படம் என்று விமரிசகர்கள் சொல்வது இதைத்தான். ஆனால் காசு போட்ட மீனவனுக்கு அது புரியாத சோதனையாக இருந்திருக்காது. அவன் ஊரும் அவன் தெருவும் அல்லவா திரையில் வந்தன?

ஒரு சாவைப் பற்றிய செய்தி, அந்தத் தலைமுறையின் கணக்கையே தாயிடம் ஒப்படைக்கும் அறிக்கையாக மாறுகிறது. அம்மா, உன் பிள்ளை இப்படி வாழ்ந்தான், இதை நம்பினான், இதனால் உடைந்தான் என்று நேருக்கு நேர் சொல்கிறது அந்தப் படம். அதற்குள் வீர வசனம் இல்லை. நாங்கள் தோற்றோம் என்பதை மறைக்கவும் இல்லை.

எல்லை மாறினால் மனிதன் மாறுவானா?

இதே வேலையை ஐரோப்பாவில் செய்தவர் ஒருவர் உண்டு. யுகோஸ்லாவியா என்ற சோஷலிச நாட்டைச் சேர்ந்த, 1942-இல் பிறந்த ஜெலிமீர் ஜில்னிக். தொழிலாளர் ஆட்சி நடக்கும் நாட்டில் வேலையும் வீடும் இல்லாதவர்கள் இருப்பது எப்படி என்று 1971-இலேயே படம் எடுத்துக் கேட்டார். வீடில்லாத ஆறு பேரைத் தெருவிலிருந்து தன் வீட்டுக்கே கூட்டிப்போய்ப் படம் பிடித்தார். கேட்டவருக்கு நாட்டில் இடமில்லாமல் போயிற்று. ஜெர்மனிக்குப் போனார்.

1975-இல் மியூனிக் நகரில் ஒன்பது நிமிடத்தில் ஒரு படம் எடுத்தார். ஒரு பழைய கட்டடம், ஒரு மாடிப்படி. அந்தக் கட்டடத்தில் குடியிருக்கும் வெளிநாட்டுத் தொழிலாளர்கள் ஒருவர் பின் ஒருவராகப் படியிறங்கி வந்து நிற்கிறார்கள். என் பெயர் இது, என் ஊர் இது, இங்கே இந்த வேலை செய்கிறேன் என்று சொல்லிவிட்டுப் போகிறார்கள். அவ்வளவுதான் படம். பெயரில்லாத கூலி என்று ஊர் நினைத்தவர்களுக்குப் பெயரும் முகமும் கிடைத்தன.

1991 முதல் அந்த யுகோஸ்லாவியா துண்டு துண்டாக உடைந்தது. 1994-இல் ஜில்னிக், இறந்துபோன தலைவர் டிட்டோவைப் போல் ஒருவருக்கு வேடம் போட்டு பெல்கிரேட் தெருவில் நடக்கவிட்டார். மக்கள் அவரைச் சூழ்ந்துகொண்டு, உயிரோடு வந்த தலைவரிடம் பேசுவது போலவே பேசினார்கள். சிலர் ஏசினார்கள், சிலர் உருகினார்கள். வீட்டை விட்டு நகராமலேயே நாட்டை இழந்தவர்கள் அவர்கள். நேற்றுவரை ஒரே நாட்டான், இன்று அயலான்.

தோழர்களே, இது நமக்குத் தூரத்துக் கதை அல்ல. இந்தச் சித்தூர் மாவட்டம் 1911-இல் உருவானபோது சென்னை மாகாணத்தில் இருந்தது. 1953 அக்டோபர் 1-இல் ஆந்திர மாநிலம் பிறந்தபோது அதனுடன் சேர்ந்தது. எல்லைப் போராட்டங்களுக்குப் பிறகு 1960 ஏப்ரல் 1-இல் திருத்தணிப் பகுதி தமிழ்நாட்டுக்குப் போயிற்று. சித்தூரும் திருப்பதியும் இங்கேயே நின்றன. 2022-இல் திருப்பதி தனி மாவட்டமும் ஆகிவிட்டது. ஆகவே இந்தக் கூட்டத்தில் இருவகைத் தமிழர் இருக்கிறார்கள். ஆரணியிலிருந்தும் செங்கத்திலிருந்தும் வேலை தேடி வந்தவர்கள் ஒரு வகை. நகரியிலும் புத்தூரிலும் பாட்டன் காலத்திலிருந்தே இருந்து, கோடு நகர்ந்ததால் வேற்று மாநிலத்தாரானவர்கள் மறு வகை.

தெலுங்கு பேசும் உழைப்பாளி நமக்குப் பகைவன் அல்ல. ஒரே சாரத்தில் ஏறிச் செங்கல் அடுக்குகிறோம், ஒரே தறிக்கூடத்தின் இரைச்சலில் காது மங்குகிறோம், மாம்பழ சீசனில் ஒரே கூழ்த் தொழிற்சாலையில் கொட்டை நீக்குகிறோம். நமக்குக் கூலி குறைந்தால் நாளை அவனுக்கும் குறையும். ஆனால் நாம் யார் என்பதை நாமே சொல்லாவிட்டால், நமக்குப் பெயர் வைப்பதற்கு வேறு ஆட்கள் தயாராக இருக்கிறார்கள் என்பதையும் மறக்கக்கூடாது.

இருபது தாய்மார்கள்

அப்படிப் பெயர் வைத்த நாள் ஒன்று உண்டு. 2015 ஏப்ரல் 7. திருப்பதிக்கு அருகே சேஷாசலம் காட்டில் இருபது தமிழ்நாட்டுத் தொழிலாளர்கள் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். திருவண்ணாமலை, தருமபுரி, சேலம் மாவட்டங்களின் மலைக்கிராமங்களிலிருந்தும் சிற்றூர்களிலிருந்தும் வந்த ஏழைகள் அவர்கள். செம்மரம் வெட்ட வந்தார்கள், கல்லாலும் கோடரியாலும் தாக்கினார்கள், தற்காப்புக்குச் சுட்டோம் என்றது போலீஸ். பஸ்ஸிலிருந்தே சிலரை இறக்கிக் கொண்டுபோனார்கள் என்றனர் தப்பி வந்த சாட்சிகள். தேசிய மனித உரிமை ஆணையம் அந்தச் சாட்சிகளின் பேச்சைக் கேட்டது. குடும்பத்துக்கு ஐந்து லட்சம் இடைக்கால நிவாரணம் கொடுக்கும்படி பரிந்துரைத்தது.

சட்டம் மீறி மரம் வெட்டுவது சரி என்று நான் சொல்லவில்லை. ஆனால் மரம் கோடிக்கு விற்கிற துறைமுகத்தில் யாரும் சாகவில்லை. நாள் கூலிக்குக் கோடரி பிடித்தவன் செத்தான். மறுநாள் பத்திரிகைகளில் அவர்களுக்குக் கிடைத்த பெயர் என்ன? கடத்தல்காரர்கள். ஒரே சொல்லில் இருபது மனிதர்களின் வாழ்வு முடிந்தது. அவர்களில் கடனுக்காக வந்தவன் யார், வேறு வேலை என்று நம்பி வந்தவன் யார், அவனுக்கு எத்தனை குழந்தைகள் என்று எத்தனை பேர் கேட்டார்கள்? இருபது தாய்மார்களிடம் போய்ச் செய்தி சொன்னது யார்? தொலைக்காட்சிப் பெட்டியும் பக்கத்து வீட்டு செல்போனும் சொல்லியிருக்கும். ஹரியின் தாய்க்குக் கிடைத்த அந்த ஊர்வலம் இந்தத் தாய்மார்களுக்குக் கிடைக்கவில்லை.

பிழைக்கப்போன தமிழனின் கதையைத் தமிழ்ச் சினிமா சொல்லவே இல்லை என்று கூற மாட்டேன். 1983-இல் குண்டூரில் போலீஸ் காவலில் வதைபட்ட கோவைத் தொழிலாளி மு. சந்திரகுமார், தான் பட்டதை 'லாக்கப்' என்ற நூலாக எழுதினார். அவர் பின்னர் ஆட்டோ ஓட்டிப் பிழைத்தவர். அந்நூலிலிருந்து வெற்றிமாறன் எடுத்த 'விசாரணை' 2015-இல் வெனிஸ் விழாவில் காட்டப்பட்டு, அடுத்த ஆண்டு தியேட்டருக்கு வந்தது. பட்டவன் எழுதியதால்தான் அந்தப் படம் பிறந்தது. அவர் எழுதாமல் இருந்திருந்தால், காவல் நிலையத்தின் ஏடு மட்டுமே மிஞ்சியிருக்கும்.

சட்டமும் இதை அறியும். 1979-இல் மாநிலம் விட்டு மாநிலம் செல்லும் தொழிலாளர்களுக்காக நாடாளுமன்றம் ஒரு சட்டம் செய்தது. அதன் 16-ஆம் பிரிவு ஒப்பந்தக்காரருக்கு ஒரு கடமையை விதித்தது. தொழிலாளி விபத்தில் இறந்தாலோ படுகாயம் அடைந்தாலோ இரு மாநில அதிகாரிகளுக்கும், நெருங்கிய உறவினருக்கும் தெரிவிக்க வேண்டும் என்பது அது. அந்தச் சட்டத்தின் இடத்துக்கு 2025 நவம்பர் 21 முதல் தொழிற்பாதுகாப்புத் தொகுப்புச் சட்டம் வந்திருக்கிறது. சட்டம் மாறலாம். ஆனால் தொழிலாளியின் சொந்த ஊர் எது, தாய் யார் என்று ஒப்பந்தக்காரரின் நோட்டில் எழுதியிருந்தால்தானே தெரிவிப்பார்? நம்மில் எத்தனை பேர் பெயர் அந்த நோட்டில் இருக்கிறது? சாரத்திலிருந்து விழுந்தவனை ஆஸ்பத்திரி வாசலில் இறக்கிவிட்டு, ஊர் பெயர் தெரியாது என்று கைவிரித்ததை நாம் பார்க்கவில்லையா?

குறைகளையும் பார்க்க வேண்டும்

ஜானைத் தெய்வமாக்க நான் வரவில்லை. கழுதைப் படத்தை எடுத்தவரையே கோயிலில் வைத்தால் அவரே சிரிப்பார். குடி அவரைத் தின்றது. 1987 மே 31 அன்று கோழிக்கோட்டில் ஒரு கட்டடத்தின் மேலிருந்து விழுந்து, ஐம்பது வயது நிறையும் முன்பே உயிரிழந்தார். ஒடேசாவின் பணி அவருக்குப் பிறகும் நண்பர்களால் தொடர்ந்தது. ஆனால் மக்கள் காசில் படத்துக்குப் பின் படம் என்று அவர் கண்ட கனவு அந்த அளவுக்கு வளரவில்லை. ஒரு மனிதரின் தோளில் நின்ற அமைப்பு அவரோடு தளர்ந்து போகும். இது சங்கம் நடத்தும் நமக்கும் எச்சரிக்கை.

படத்திலும் குறை உண்டு. தாய்மார்கள் படம் முழுதும் கேட்கிறார்கள். அவர்கள் பேச நாம் கேட்பது குறைவு. பயணம் போகிறவர்கள் எல்லாரும் ஆண்பிள்ளைகள். இங்கே அமர்ந்திருக்கும் தாய்மார்களுக்கு, கட்டட வேலையில் ஜல்லி சுமக்கும், பூக்கட்டி விற்கும், ஓட்டலில் பாத்திரம் தேய்க்கும் சகோதரிகளுக்கு, சொல்ல ஒரு கதை இல்லையா? அதை நாம்தான் சேர்க்க வேண்டும்.

நாம் செய்யக்கூடியது

இறுதியாகச் செயலுக்கு வருகிறேன். மூன்று காரியங்களைச் சங்கத்தின் முன் வைக்கிறேன்.

முதலாவது, 'அம்ம அறியா'னையும் 'அக்ரகாரத்தில் கழுதை'யையும் நம் தெருக்களில் திரைகட்டிக் காட்டுவோம். மலையாளப் படத்துக்கு ஒருவர் பக்கத்தில் நின்று தமிழிலும் தெலுங்கிலும் சொல்லட்டும். தெலுங்குத் தோழர்களையும் அழைப்போம். படம் முடிந்ததும் உடனே கலையாமல் பேசுவோம்.

இரண்டாவது, மியூனிக் மாடிப்படியில் நடந்ததை நாம் சித்தூரில் செய்வோம். இன்று ஒவ்வொருவர் கையிலும் செல்போன் இருக்கிறது. ஜானுக்குக் கிடைக்காத வசதி அது. ஒவ்வொரு குடும்பமும் மூன்று நிமிடம் பேசட்டும். என் பெயர் இது, என் சொந்த ஊர் இது, இந்த ஆண்டு இங்கே வந்தேன், இந்த வேலை செய்கிறேன், இதற்காகக் கடன்பட்டேன் என்று அவரவர் வாயால் சொல்லட்டும். பெண்கள் முதலில் பேசட்டும். அதை யாருக்குக் காட்டலாம், காட்டக்கூடாது என்று முடிவு செய்யும் உரிமை பேசியவருக்கே இருக்கட்டும். தெருவில் புதிதாக வந்த பிள்ளைகள் இதைப் படம் பிடிக்கக் கற்றுக்கொள்ளட்டும்.

மூன்றாவது, இதுதான் மிக முக்கியம். சங்கத்தில் ஒரு பதிவேடு வைப்போம். பெயர், சொந்த ஊர், அங்கே யாருக்குச் செய்தி சொல்ல வேண்டும், எந்த ஒப்பந்தக்காரரிடம் வேலை என்று எழுதி வைப்போம். நம்மில் ஒருவருக்கு ஏதேனும் நேர்ந்தால், போனில் ஒரு வரி சொல்லிவிட்டு நிற்காமல், அவரை அறிந்த நாலு பேர் அந்த ஊருக்குப் போவோம். எப்படி உழைத்தான், யாருக்கு உதவினான், எதற்காக ஆசைப்பட்டான், எப்படி இறந்தான் என்று தாயின் எதிரில் உட்கார்ந்து சொல்வோம். சேர வேண்டிய இழப்பீடு சேரும்வரை உடன் நிற்போம். பஸ் செலவுக்கு வேண்டியதை மாதம் பத்து ரூபாய் வீதம் இன்றிலிருந்தே சேர்ப்போம்.

பதிவேட்டை இதோ இந்த மேசையில் வைத்திருக்கிறோம். எழுதத் தெரியாதவர்களுக்கு எழுதித் தர வாசலருகே இரண்டு தோழர்கள் அமர்ந்திருக்கிறார்கள். பெயரைக் கொடுத்துவிட்டுப் போகும்படி உங்கள் ஒவ்வொருவரையும் கேட்டுக்கொள்கிறேன்.